கேமை அன்இன்ஸ்டால் பண்ணா சேவ் போயிடுமா? எதுல போகும், எதுல போகாது, ஏன்

ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2-க்கு 150 ஜிபி இடம் வேணும். பால்டர்ஸ் கேட் 3-க்கும் அதே 150. லேப்டாப்ல 512 ஜிபி எஸ்எஸ்டினு போட்டு வித்திருப்பாங்க, விண்டோஸ்ல திறந்து பார்த்தா 476-னு தான் காட்டும், அதுலயும் விண்டோஸும் ஆபீஸும் போட்டோவும் சாப்பிட்டது போக ரெண்டு பெரிய கேம் போட்டாலே டிரைவ் செவப்பாயிடும். அப்போ பழசு ஏதாவது ஒண்ணைத் தூக்கணும். தூக்கலாம்னு ரைட் கிளிக் பண்ணும்போது தான் பயம் வருது, எண்பது மணி நேரம் ஆடினது என்ன ஆகும்னு.

கேட்டா ரெண்டு பதில் வரும். ஒண்ணு, "அதெல்லாம் கிளவுட்ல இருக்கு, கவலைப்படாத". இன்னொண்ணு, "எல்லாம் போயிடும், தொடாத". ரெண்டுமே சில கேமுக்கு சரி, சில கேமுக்கு சுத்தமா தப்பு. எந்த கேமுக்கு எதுன்னு ஒரு கேள்வி கேட்டாலே பாதி தெளிஞ்சிடும்: இந்த சேவ் பைலை எழுதினது யாரு, எந்த போல்டர்ல எழுதினாங்க?

## முதல்ல அடிப்படை: கேம் வேற, சேவ் வேற

நாம "கேம்"னு ஒரே வார்த்தைல சொல்றது கம்ப்யூட்டருக்கு ரெண்டு தனித்தனி சமாச்சாரம்.

1. கேம் பைல்கள். மேப், கேரக்டர் மாடல், சவுண்டு, வீடியோ, ஓட வைக்கிற எக்ஸ்இ. 150 ஜிபி இது தான். எல்லாருக்கும் ஒரே மாதிரி இருக்கும், எப்ப வேணா திரும்ப டவுன்லோட் பண்ணிக்கலாம்.

2. சேவ் பைல். நீங்க எந்த மிஷன்ல நிக்கிறீங்க, கைல எவ்வளவு காசு, என்ன துப்பாக்கி, யாரைக் கொன்னீங்க யாரை விட்டீங்க, இந்த கணக்கு. உலகத்துல உங்க ஒருத்தர்கிட்ட மட்டும் தான் இருக்கும். சைஸ் ரொம்ப சின்னது. ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ்ல ஒரு சேவ் சுமார் 200 கேபி தான், வாட்ஸ்அப்ல வர்ற குட் மார்னிங் படம் அளவு. எல்டன் ரிங்ல எல்லா கேரக்டரும் சேர்ந்த பைல் 30 எம்பிகிட்ட வரும்.

அதனால இடம் காலி பண்ணணும்னா அழிக்க வேண்டியது முதல் வகை மட்டும் தான். சேவை அழிச்சு ஒரு பிரயோஜனமும் இல்ல. ரெண்டும் ஒரே போல்டர்ல கலந்து கெடக்கும்போது தான் பிரச்சனையே.

மூணாவதா ஒண்ணு இருக்கு, பலபேர் இதை சேவ்னு நினைச்சு ஏமாந்து போறாங்க: அச்சீவ்மென்ட்டும் பிளே டைமும். இது ஸ்டீம் (கேம் வாங்கி, இறக்கி, ஆட வைக்கிற கடை ஆப்) சர்வர்ல இருக்கு, கேமைத் தூக்கினாலும் போகாது. புரொபைல்ல 80 சதவீதம் முடிச்சதா காட்டும், ஆனா கேமைத் திறந்தா நியூ கேம் மட்டும் தான் நிக்கும். அச்சீவ்மென்ட் இருக்குங்கிறதால சேவும் இருக்குன்னு முடிவு பண்ணிடாதீங்க.

## அன்இன்ஸ்டாலர் எதை அழிக்கும்

போன்ல பழகினவங்களுக்கு அன்இன்ஸ்டால்னா மொத்தமா துடைக்கிறது தான். ஆண்ட்ராய்டுல ஒவ்வொரு ஆப்புக்கும் தனி இடம் உண்டு, ஆப்பைத் தூக்கினா அந்த இடத்தையும் சேர்த்தே சிஸ்டம் அழிச்சிடும். விண்டோஸ்ல சாதாரண புரோகிராம்கள் அப்படி இல்ல. இன்ஸ்டால் பண்ணும்போது இன்ஸ்டாலர் தான் எந்த பைலை எங்க வெச்சேன்னு ஒரு பட்டியல் எழுதி வெச்சுக்கும். பழைய கேம் போல்டர்ல "அன்இன்ஸ்" ஜீரோ ஜீரோ ஜீரோனு ரெண்டு பைல் பார்த்திருப்பீங்க, ஒண்ணு எக்ஸ்இ, இன்னொண்ணு டேட் பைல், அந்த டேட் பைல் தான் பட்டியல். அன்இன்ஸ்டால் கொடுத்தா அதைப் பார்த்து ஒவ்வொண்ணா அழிக்கும்.

பந்தல் போட்டவர் மாதிரி தான். கல்யாணம் முடிஞ்சதும் கணக்கு எழுதி வெச்ச கம்பு, தகரம், சேர் எல்லாத்தையும் எண்ணி எடுத்து லாரில ஏத்திட்டு போவார், வீட்டுக்குள்ள பீரோல இருக்கிற மொய் நோட்டு அவர் பட்டியல்ல இல்ல.

சேவ் பைல் இன்ஸ்டால் பண்ணும்போது இருக்காது. நீங்க ஆடும்போது கேம் தானா எழுதுறது. அதனால பெரும்பாலும் அந்தப் பட்டியல்ல வராது, அன்இன்ஸ்டாலர் கண்ணுக்கும் படாது. ஸ்டீமும் கிட்டத்தட்ட இதே வழி தான், தான் இறக்கின பைல்களை அழிக்கும். நிறைய கேமைத் தூக்கி ஒரு வருஷம் கழிச்சு திரும்ப போட்டா கன்டினியூ பட்டன் அப்படியே நிக்கிறதுக்கு காரணம் இது தான், கிளவுட் இல்லாத கேம்ல கூட.

ஆனா "பெரும்பாலும்"னு தான் சொல்றேன். சில கேம்காரங்க பட்டியலை எல்லாம் பார்க்காம போல்டரையே வழிச்சு அழிக்கிற மாதிரி அன்இன்ஸ்டாலர் எழுதியிருப்பாங்க. சிலது நடுவுல ஒரு பெட்டி காட்டி சேவையும் அழிக்கவானு கேக்கும், அவசரத்துல எஸ் எஸ்னு தட்டிட்டு போறவங்க தான் அதிகம். அந்தப் பெட்டி வந்தா நின்னு படிங்க.

## சேவ் எங்க போய் உக்காருது

விண்டோஸ் 98, எக்ஸ்பி காலத்துல கேம் தன் சொந்த போல்டர்லயே சேவ் பண்ணும். 1999-ல வந்த ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2-ல இன்ஸ்டால் ஆன போல்டருக்குள்ளயே சேவ்கேம்னு ஒரு போல்டர் இருக்கும். 2007-ல விண்டோஸ் விஸ்டா வந்தப்போ புரோகிராம் பைல்ஸ்ல கண்டவங்களும் எழுத முடியாதபடி கட்டுப்பாடு போட்டாங்க. அதுக்கப்புறம் கேம் எல்லாம் யூசர் போல்டருக்கு நகர ஆரம்பிச்சது, ஆனா எல்லாரும் ஒரே இடத்துக்குப் போகல, ஆளுக்கொரு மூலைல போய் உக்காந்தாங்க. இன்னைக்கு நிலவரம் இது:

1. டாக்குமென்ட்ஸ். ஜிடிஏ வைஸ் சிட்டி, சான் ஆண்ட்ரியாஸ் ரெண்டும் இங்க தான், கேம் பேரோட யூசர் பைல்ஸ்னு முடியுற போல்டர். உள்ள திறந்தா கடைசில 1-ல இருந்து 8 வரைக்கும் நம்பர் போட்ட பைல்கள் இருக்கும், கேம்ல பார்க்கிற எட்டு ஸ்லாட்டும் அது தான். ஜிடிஏ 5, ரெட் டெட் 2 ரெண்டுக்கும் இங்கயே ராக்ஸ்டார் கேம்ஸ் போல்டருக்குள்ள புரொபைல்ஸ். விட்சர் 3-யும் டாக்குமென்ட்ஸ் தான். ஸ்கைரிம், சிவிலைசேஷன் 6 மாதிரி கேம்கள் இங்க மை கேம்ஸ்னு ஒரு உள் போல்டர்ல இருக்கும்.

2. சேவ்டு கேம்ஸ். விஸ்டால இதுக்குன்னே கட்டின போல்டர், யூசர் பேருக்கு நேர் கீழ இருக்கும். பெயரைப் பார்த்தா எல்லா சேவும் இங்க தான் இருக்கணும், ஆனா மதிச்சு வந்தவங்க கொஞ்சம் பேர் தான். சைபர்பங்க் 2077 அதுல ஒண்ணு.

3. ஆப்டேட்டா. மறைச்சு வெச்ச போல்டர், அதுக்குள்ள ரோமிங், லோக்கல், லோக்கல்லோனு மூணு. எல்டன் ரிங், ஸ்டார்டூ வேலி, மைன்கிராஃப்ட் ஜாவா எல்லாம் ரோமிங்ல. அன்ரியல் எஞ்சின்ங்கிற கேம் செய்யற சாஃப்ட்வேர்ல செஞ்ச கேம்கள் பெரும்பாலும் லோக்கல்ல, கேம் பேர் போல்டருக்குள்ள சேவ்டு, அதுக்குள்ள சேவ்கேம்ஸ். பால்டர்ஸ் கேட் 3-யும் லோக்கல்ல தான், லேரியன் ஸ்டுடியோஸ்ங்கிற பேருக்குள்ள. யூனிட்டினு அதே மாதிரி இன்னொரு சாஃப்ட்வேர்ல செஞ்ச கேம் லோக்கல்லோல கம்பெனி பேர்ல இருக்கும், அதனால ஹாலோ நைட்னு தேடினா முதல் பார்வைல கெடைக்காது, டீம் செர்ரினு இருக்கிறதைத் திறக்கணும்.

4. லாஞ்சரோட, அதாவது ஸ்டீம் மாதிரி கேமை இறக்கித் திறக்கிற ஆப்போட, சொந்த போல்டர். ஸ்டீமுக்குள்ள யூசர்டேட்டானு ஒண்ணு இருக்கு, நிறைய கேம் அங்க தான் எழுதும், அதுவும் கேம் பேர்ல இல்லாம நம்பர்ல. யூபிசாஃப்ட் கேம்கள் பலது யூபிசாஃப்ட் லாஞ்சர் போல்டருக்குள்ள சேவ்கேம்ஸ்ல.

5. கேம் இன்ஸ்டால் ஆன அதே போல்டர். பழைய கேம், ஹாஃப் லைஃப் 2 மாதிரி ஸ்டீமை நடத்துற வால்வ் கம்பெனியோட சொந்த கேம், சில சின்ன இண்டி கேம், அப்புறம் கிராக் போட்ட காப்பிகள்ல கொஞ்சம்.

6. ரெஜிஸ்ட்ரி. சில யூனிட்டி கேம் எந்த லெவல் வரைக்கும் திறந்திருக்குங்கிறதை பைலாவே எழுதாது, விண்டோஸ் தன் செட்டிங் எல்லாம் எழுதி வெக்கிற ரெஜிஸ்ட்ரில எழுதி வெச்சுடும். போல்டரைக் காப்பி பண்ணி பத்திரமா வெச்சாலும் திரும்ப வந்தா பூஜ்யத்துல நிக்கிற கேம் இந்த ரகம்.

7. கம்பெனி சர்வர். வாலரன்ட், டோட்டா 2, ஃபோர்ட்நைட், கென்ஷின் இம்பாக்ட், ஜிடிஏ ஆன்லைன். உங்க கம்ப்யூட்டர்ல ஒண்ணுமே இல்ல, தாராளமா தூக்கலாம், அக்கவுண்ட் பாஸ்வேர்டு ஞாபகம் இருந்தா போதும். ஆனா ஜிடிஏ 5-ல ஆன்லைன் கணக்கு தான் சர்வர்ல, ஸ்டோரி மோட் சேவ் உங்க டாக்குமென்ட்ஸ்ல. ரெண்டையும் ஒண்ணா நினைச்சு ஸ்டோரியைத் தொலைச்சவங்க ஏராளம்.

டாக்குமென்ட்ஸ்னு சொல்லும்போது ஒரு குழப்பத்தையும் சேர்த்து சொல்லிடணும். புது லேப்டாப்ல விண்டோஸ் செட்டப் பண்ணும்போது ஒன்டிரைவ் தானா உள்ள வந்து டாக்குமென்ட்ஸைத் தன் போல்டருக்குள்ள மாத்திக்கும். அப்போ டாக்குமென்ட்ஸ்னு ரெண்டு இடம் இருக்கிற மாதிரி தெரியும், கேம் ஒண்ணுல எழுதும், நீங்க இன்னொண்ணுல தேடுவீங்க, காலியா இருக்கும், போச்சுன்னு நினைப்பீங்க. யூசர் பேர், அதுக்குள்ள ஒன்டிரைவ், அதுக்குள்ள டாக்குமென்ட்ஸ்னு போய் பாருங்க.

## நிஜமாவே போறது எப்போ

மேல இருக்கிற கணக்குப்படி 1, 2, 3-ல இருக்கிற சேவ் சாதாரண அன்இன்ஸ்டால்ல தப்பிச்சிடும். ஆபத்து வர்றது இந்த நேரங்கள்ல தான்.

1. கேம் போல்டரைக் கைல அழிக்கிறது. அன்இன்ஸ்டால் மெதுவா போகுதுன்னு ஷிப்ட் டெலிட் அடிக்கிற பழக்கம். ஐந்தாவது வகை கேமா இருந்தா சேவும் சேர்ந்தே போயிடும், ரீசைக்கிள் பின்லயும் இருக்காது.

2. ஸ்டீமையே அன்இன்ஸ்டால் பண்றது. ஒரு கேமைத் தூக்கறதும் ஸ்டீமைத் தூக்கறதும் ஒண்ணு இல்ல. ஸ்டீம் போச்சுன்னா அதுக்குள்ள இருக்கிற கேம்கள், யூசர்டேட்டா எல்லாம் மொத்தமா போயிடும். ஸ்டீம் மக்கர் பண்ணுதுன்னு ரீஇன்ஸ்டால் பண்றவங்க முதல்ல யூசர்டேட்டாவையும் ஸ்டீம்ஆப்ஸையும் வெளிய எடுத்து வெக்கணும். யூபிசாஃப்ட் லாஞ்சருக்கும் இதே ஜாக்கிரதை.

3. மைக்ரோசாஃப்ட் ஸ்டோர், எக்ஸ்பாக்ஸ் ஆப் வழியா போட்ட கேம். இது மட்டும் போன் மாதிரி நடந்துக்கும். ஆப்டேட்டா லோக்கல்ல பேக்கேஜஸ்னு ஒரு போல்டர், அதுல ஒவ்வொரு கேமுக்கும் ஒரு பெட்டி, கேமைத் தூக்கினா பெட்டியோட போயிடும். எக்ஸ்பாக்ஸ் கிளவுடுக்கு ஏறியிருந்தா திரும்ப வரும், இன்டர்நெட் இல்லாம ஆடிட்டு அப்படியே தூக்கினா கடைசியா ஆடினது வராது. இந்த வகைல நிறைய பேர் அழுதது மைன்கிராஃப்ட் பெட்ராக் எடிஷனுக்கு. பல வருஷமா அதோட உலகங்கள் எல்லாம் இந்தப் பெட்டிக்குள்ள தான் இருந்துச்சு, கேம் திறக்கலைன்னு ரீஇன்ஸ்டால் பண்ணி, பசங்க வருஷக்கணக்கா கட்டின வீட்டை எல்லாம் ஒரே கிளிக்ல இழந்தாங்க. ஜாவா எடிஷன்ல அந்தத் தொல்லை இல்ல, டாட் மைன்கிராஃப்ட் போல்டர் தனியா நிக்கும்.

4. ரெவோ மாதிரி ஆழமா சுத்தம் பண்ற அன்இன்ஸ்டாலர். கேமைத் தூக்கினதும் மிச்சம் மீதி இருக்கானு தேடி ஒரு பட்டியல் காட்டும். அந்த மிச்சம் மீதில உங்க சேவும் ரெஜிஸ்ட்ரி கணக்கும் உண்டு. செலக்ட் ஆல் கொடுத்தா அவ்வளவு தான். கேமுக்கு இந்த சாஃப்ட்வேர் தேவையே இல்லைங்கிறது என் அபிப்பிராயம், அது மிச்சப்படுத்துற இடம் சில எம்பி, இழக்கிறது சேவ்.

5. விண்டோஸ் ரீசெட், ஃபார்மட். ரீசெட்ல கீப் மை பைல்ஸ்னு இருக்கிறதை நம்பி பண்ணா டாக்குமென்ட்ஸ் நிக்கும், ஆனா ஆப்டேட்டாவையும் அது காப்பாத்தும்னு நம்பக் கூடாது. சர்வீஸ் கடைக்கு லேப்டாப்பைக் கொடுக்கும்போதும் டெஸ்க்டாப், டாக்குமென்ட்ஸ் ரெண்டையும் எடுத்து வெச்சுட்டேன்னு தான் சொல்வாங்க, ஆப்டேட்டாவை யாரும் நினைக்க மாட்டாங்க.

கேமிங் சென்டர்ல ஆடறவங்களுக்கு ஒரு வார்த்தை: அங்க நிறைய கம்ப்யூட்டர்ல டீப் ஃப்ரீஸ் மாதிரி ஏதாவது போட்டிருப்பாங்க, ரீஸ்டார்ட் பண்ணா டிரைவ் பழைய நிலைமைக்குப் போயிடும், அன்இன்ஸ்டாலே தேவையில்ல. ஸ்டோரி கேம் ஆடினா எழுந்திரிக்கிறதுக்கு முன்னாடி சேவை பென்டிரைவ்ல எடுத்துக்கணும்.

## கிளவுட் இருக்கேன்னா

ஸ்டீம் கிளவுட் 2008-ல இருந்து இருக்கு. எபிக், கோக் (GOG) மாதிரி மத்த கேம் கடைகள், எக்ஸ்பாக்ஸ் எல்லாத்துலயும் இதே மாதிரி ஒண்ணு உண்டு. நல்ல வசதி தான், சந்தேகமே இல்ல, ஆனா அது என்ன செய்யுதுன்னு புரியாம நம்பறது தான் சிக்கல்.

கிளவுட் செய்யறது சிங்க். கேம் திறக்கும்போது சர்வர்ல இருக்கிறதையும் உங்க டிரைவ்ல இருக்கிறதையும் ஒப்பிட்டு ரெண்டையும் ஒண்ணாக்கும், மூடும்போது புதுசை மேல ஏத்தும். பேக்கப்னா பழையதை மாத்தாம தனியா வெக்கிறது. சிங்க்ல இங்க நடந்தது அங்கயும் நடக்கும், இங்க சேவ் கெட்டுப்போனா கெட்டுப்போன பைல் தான் மேல ஏறும், இங்க அழிச்சா அங்கயும் அழிய வாய்ப்பு உண்டு.

கூட சில விஷயம்:

1. கிளவுட் எல்லா கேமுக்கும் இல்ல. கேம் செய்யறவங்க சேர்த்தா தான் உண்டு, எந்த பைல் மேல போகணுங்கிறதையும் அவங்க தான் முடிவு பண்றாங்க. சிலதுல கன்ட்ரோல் செட்டிங் மட்டும் ஏறும், சேவ் ஏறாது. ஸ்டோர் பேஜ்ல ஸ்டீம் கிளவுட்னு போட்டிருக்கானு பாருங்க, லைப்ரரில பிளே பட்டனுக்குப் பக்கத்துல கிளவுட் ஸ்டேட்டஸ் அப் டு டேட்னு இருந்தா கடைசியா ஆடினது ஏறிடுச்சு.

2. கேமை மூடின உடனே லேப்டாப்பை டப்புனு சாத்தினா ஏறாது. சிங்க்கிங்னு ஓடிக்கிட்டிருக்கும், முடிய விடணும்.

3. ஸ்டீம்ல பேக்கப் கேம் பைல்ஸ்னு ஒரு வசதி இருக்கு. பேரைப் பார்த்து சேவும் அதுல இருக்கும்னு நினைப்பாங்க. இல்ல. அது அந்த 150 ஜிபியை எடுத்து வெக்கிறதுக்கு, திரும்ப டவுன்லோட் பண்ணாம இருக்கிறதுக்கு. சேவை எடுக்காதுன்னு வால்வே சொல்லியிருக்கு.

இதுல ரொம்ப மோசமான இடம் கான்ஃப்ளிக்ட் பெட்டி. எப்படி வருதுன்னா, கேமைத் திரும்ப போடறீங்க, அந்த நேரம் நெட் இல்ல, ஆஃப்லைன்ல திறக்கறீங்க, கன்டினியூ இல்லாததால நியூ கேம் போட்டு பத்து நிமிஷம் ஆடறீங்க. அடுத்த நாள் நெட் வருது. ஸ்டீம் பார்க்குது, சர்வர்ல போன வருஷத்து சேவ், டிரைவ்ல நேத்து சேவ், எதை வெக்கிறதுன்னு கேக்குது. ரெண்டுக்கும் தேதி காட்டும். புது தேதி தானே சரினு லோக்கலை அமுக்கினா பத்து நிமிஷ சேவ் மேல ஏறி எண்பது மணி நேரத்தை மிதிச்சிடும். தேதி புதுசா இருக்கிறது நல்ல சேவ்னு அர்த்தம் இல்ல. சந்தேகமா இருந்தா பெட்டியைக் கேன்சல் பண்ணிட்டு முதல்ல டிரைவ்ல இருக்கிறதைக் காப்பி எடுங்க, அப்புறம் கிளவுடைத் தேர்ந்தெடுத்து திறந்து பாருங்க.

## தூக்கறதுக்கு முன்னாடி

அதுக்கும் முன்னாடி ஒரு கேள்வி, தூக்கித்தான் ஆகணுமா? இன்னொரு டிரைவ் இருந்தா ஸ்டீம்லயே கேமோட பிராப்பர்ட்டீஸ்ல இன்ஸ்டால்டு பைல்ஸ் பக்கத்துல மூவ் இருக்கு, அப்படியே நகர்த்திடும். பழைய ஹார்டு டிஸ்க்ல லோடிங் மெதுவா இருக்கும், ஆனா 150 ஜிபி திரும்ப இறக்கற டேட்டா மிச்சம்.

தூக்கறதுன்னு முடிவாயிட்டா:

1. சேவ் இடத்தைக் கண்டுபிடிங்க. பிசிகேமிங்விக்கிங்கிற வெப்சைட்ல கேம் பேரைப் போட்டா சேவ் எங்க இருக்கு, ஸ்டீம் காப்பிக்கு எங்க, எக்ஸ்பாக்ஸ் காப்பிக்கு எங்க, கிளவுட் உண்டா இல்லையானு தனித்தனியா போட்டிருப்பாங்க. அங்க இல்லாத கேம்னா கேமைத் திறந்து ஒரு சேவ் போட்டு வெளிய வாங்க, மேல சொன்ன போல்டர்களை டேட் மாடிஃபைடு வரிசைல அடுக்குங்க, இப்போ மாறின போல்டர் மேல வந்து நிக்கும். ஆப்டேட்டா கண்ணுக்குத் தெரியலைன்னா விண்டோஸ் கீயையும் ஆர்-யையும் சேர்த்து அமுக்கி, ஆப்டேட்டாங்கிறதை ரெண்டு பக்கமும் பர்சன்ட் குறி போட்டு டைப் பண்ணா ரோமிங் திறக்கும், ஒரு படி மேல போனா லோக்கலும் லோக்கல்லோவும் இருக்கும்.

2. போல்டரை முழுசா காப்பி பண்ணுங்க, கட் பண்ணாதீங்க. ஒரே ஒரு பைலை மட்டும் எடுக்கறதும் வேண்டாம். ஸ்டார்டூல ஒவ்வொரு பண்ணைக்கும் ஒரு போல்டர், அதுக்குள்ள ரெண்டு முக்கியமான பைல், ஒண்ணு இல்லைன்னா இன்னொண்ணு லிஸ்ட்ல வராது. எல்டன் ரிங்ல போல்டர் பேரே 17 இலக்க ஸ்டீம் நம்பர், சேவ் அந்த அக்கவுண்டோட கட்டிப் போட்டிருக்கு, நண்பனோட அக்கவுண்ட்ல வெச்சா எடுக்காது.

3. மாட் (ரசிகர்கள் செஞ்சு கேமோட சேர்க்கிற மாத்தங்கள்) போட்டு ஆடியிருந்தா மாட் பட்டியலையும் எடுத்து வையுங்க. ஸ்கைரிம்ல சேவ் பத்திரமா இருந்தும் மாட் இல்லாம திறந்தா இந்த சேவுக்கு வேண்டிய சமாச்சாரம் இப்போ இல்லைன்னு எச்சரிக்கை வரும், தைரியமா உள்ள போனா ஆளும் வீடும் காணாம போயிருக்கும்.

4. காப்பியை வேற இடத்துல வையுங்க, பென்டிரைவ், கூகுள் டிரைவ் ஏதாவது. அதே டிரைவ்ல டெஸ்க்டாப்ல வெச்சா டிரைவ் போனா ரெண்டும் போகும். ஜிப் பண்ணி கேம் பேரும் தேதியும் போட்டுடுங்க, ஆறு மாசம் கழிச்சு "புது போல்டர் 3" எதுன்னு தெரியாது.

5. அப்புறம் லாஞ்சர் வழியா அன்இன்ஸ்டால். ஸ்டீம்ல மேனேஜ், அன்இன்ஸ்டால் தான். ஸ்டீம் சப்போர்ட்ல அக்கவுண்ட்ல இருந்தே கேமை நிரந்தரமா எடுத்துடற ஆப்ஷனும் இருக்கு, அந்தப் பக்கம் போயிடாதீங்க, அது வாங்கின கேமையே விடறது.

நிறைய கேம் இருந்தா ஒவ்வொண்ணா தேடறது அலுப்பு. லுடுசாவினு ஒரு ஓப்பன் சோர்ஸ் டூல் இருக்கு, இலவசம், பிசிகேமிங்விக்கி தகவலை வெச்சு உங்க டிரைவ்ல இருக்கிற சேவை எல்லாம் தானா கண்டுபிடிச்சு ஒரே இடத்துல எடுத்து வெக்கும். ரெஜிஸ்ட்ரில ஒளிஞ்சிருக்கிறதையும் எடுக்கும்ங்கிறது தான் இதுல எனக்குப் பிடிச்சது, கைல பண்றவங்க கோட்டை விடற இடம் அது.

## திரும்ப போடும்போது

1. கேமை இன்ஸ்டால் பண்ணிட்டு ஒரு தடவை திறந்து மெனு வந்ததும் மூடுங்க. சேவ் போல்டரை அதுவே உருவாக்கும், உங்களுக்கு இடம் தெரிஞ்சிடும். நியூ கேம் அமுக்க வேண்டாம்.

2. காப்பி வெச்சு மீட்கறதுன்னா அந்த கேமுக்கு மட்டும் கிளவுடை ஆஃப் பண்ணுங்க, பிராப்பர்ட்டீஸ்ல இருக்கு. இல்லைன்னா நீங்க வெச்ச பழைய பைலை மேல இருந்து வேற ஒண்ணு வந்து மூடிடலாம்.

3. காப்பியை அந்த போல்டர்ல போடுங்க, திறங்க, லோட் ஆகுதானு பாருங்க, கேம்ல ஒரு புது சேவ் போடுங்க, அப்புறம் கிளவுடை ஆன் பண்ணுங்க. கான்ஃப்ளிக்ட் கேட்டா இப்போ லோக்கல் தான் சரி.

4. வெர்ஷன் கணக்கும் உண்டு. பழைய சேவ் புது வெர்ஷன்ல வழக்கமா திறக்கும், புது வெர்ஷன்ல போட்ட சேவ் பழைய வெர்ஷன்ல திறக்கறது சந்தேகம். கேம் பாஸ்ல (எக்ஸ்பாக்ஸோட சந்தா) ஆடிட்டு அப்புறம் ஸ்டீம்ல ஆஃபர்ல வாங்கினவங்களுக்கு வேற தலைவலி, ரெண்டும் சேவை வெக்கிற விதமே வேற, பல கேம்ல காப்பி பண்ணா எடுக்காது. கம்பெனி தன் சொந்த அக்கவுண்ட் வழியா கிராஸ் சேவ், அதாவது ஒரே சேவை ரெண்டு இடத்துலயும் ஆடற வசதி, கொடுத்திருந்தா தான் வழி.

## ஏற்கனவே தூக்கியாச்சுன்னா

முதல்ல சேவ் போல்டரைப் போய் பாருங்க, கேம் இல்லைனாலும் அது அங்கயே இருக்க நிறைய வாய்ப்பு இருக்கு. பழைய கேம்னா ஆப்டேட்டா லோக்கல்ல வர்ச்சுவல்ஸ்டோர்னு ஒண்ணு இருக்கும், அதையும் திறங்க, விஸ்டாக்கு அப்புறம் புரோகிராம் பைல்ஸ்ல எழுத முடியாத கேமை எல்லாம் விண்டோஸ் சத்தமில்லாம இங்க திருப்பி விட்டிருக்கும், கேம் போன பின்னாடியும் அந்த பைல் நிக்கும்.

ஸ்டீம் கேம்னா பிரவுசர்ல ஸ்டீம் அக்கவுண்ட்ல லாகின் பண்ணி ரிமோட் ஸ்டோரேஜ் பக்கத்தைத் திறந்தா கிளவுட்ல இருக்கிற பைல்களை கேம் வாரியா காட்டும், கேமைத் திறக்காமலே டவுன்லோட் பண்ணலாம். கான்ஃப்ளிக்ட் பெட்டியோட சூதாடறதுக்கு முன்னாடி செய்ய வேண்டியது இது. டாக்குமென்ட்ஸ் ஒன்டிரைவ்ல இருந்துச்சுன்னா ஒன்டிரைவ் வெப்சைட்ல இருக்கிற ரீசைக்கிள் பின்ல 30 நாள் வரைக்கும் கெடக்கும், கம்ப்யூட்டர்ல இருக்கிற பின்னைக் காலி பண்ணியிருந்தாலும்.

எதுவும் இல்லைன்னா கடைசியா ரெக்கவரி சாஃப்ட்வேர். ஹார்டு டிஸ்க்னா கொஞ்சம் நம்பிக்கை உண்டு, ஆனா அந்த டிரைவ்ல வேற எதையும் எழுதக் கூடாது, கேமைத் திரும்ப டவுன்லோட் பண்றது உட்பட. எஸ்எஸ்டினா பைலை அழிச்சதும் டிரிம்னு ஒண்ணு ஓடி அந்த இடத்தை டிரைவே துடைச்சிடும், காசு கொடுத்து வாங்கற ரெக்கவரி சாஃப்ட்வேரும் பெரும்பாலும் பைல் பேரைக் காட்டும், உள்ள ஒண்ணும் இருக்காது. இலவச வெர்ஷன்ல ஸ்கேன் பண்ணி பைல் உண்மையாவே திறக்குதானு பார்த்துட்டு காசு கட்டுங்க.